அக்கரை வள்ளி

வெல்லம் வாங்குவதில் என்னை யாரும் ஏமாற்ற முடியாது. ஆம்பூர்ச் சந்தையில் வெளுப்பாக, பார்வைக்கு அழகாக அடுக்கி வைத்திருக்கும் அச்சு வெல்லத்தை நான் தொடமாட்டேன். கறுத்த உருண்டையாக, நகத்தால் கீறினால் பிசுபிசுவென்று வருகிற வெல்லம்தான் எனக்கு வேண்டும். அதைச் சுக்குத் தண்ணீரில் தட்டிப் போட்டால் நாக்குக்கு வேறு எந்த ருசியும் தெரியாது. என் கணவர் வேதாசலம் அதைக் குடித்துவிட்டு, "இத்த குடிச்சாத்தான் எனக்கு ஒடம்பு ஒடம்பா இருக்குது" என்பார். கடைசிக் காலம் முழுக்க அதை அவருக்கு நான்தான் என் கையால் கொடுத்தேன். மாஜிஸ்திரேட் ஐயா கேட்க வந்திருப்பதும் அதைத்தான்.

நிதானமாக எழுதிக்கொள்ளுங்கள். நான் சொல்வதில் எதுவும் விட்டுப்போகக் கூடாது. அதற்கு ஒரு காரணம் உண்டு, அதைக் கடைசியில் சொல்கிறேன். புருஷன் செத்தும் இவள் கண்ணில் ஒரு சொட்டுத் தண்ணீர் வரவில்லையே என்று வெளியே வார்டர் அம்மாள் முணுமுணுக்கிறாள். அழுதுகொண்டே சொன்னால் உங்களுக்குப் பாதி புரியாது. நான் எந்த வேலையையும் பாதியில் விடுகிறவள் இல்லை.

என் பெயர் சம்பூர்ணம். பாலாற்றங்கரையில் இருக்கும் ஒரு தோல் ஷாப்பில் அவருக்குச் சுண்ணாம்புக் குழியில் வேலை. மயிர் உதிர்வதற்காகச் சுண்ணாம்பில் ஊறப்போட்ட மாட்டுத் தோலை வெளியே எடுப்பது, திருப்பிப் போடுவது. நான் அங்கேயே தோல் பதனிடுவதற்கு ஆவாரம்பட்டை இடிப்பேன். நனைந்த தோலை ஒற்றை ஆள் தூக்க முடியாது, ஐயா. கழுத்துப் பக்கம் ஒருத்தர், வால் பக்கம் ஒருத்தர் பிடித்து ஒரே மூச்சில் தூக்க வேண்டும். ஒருத்தர் மனசு எங்கேயோ போனால் தோல் வழுக்கிக் குழிக்குள் போய்விடும். எங்களுக்குக் கல்யாணமான புதிதில், "நீயும் நானும் இப்டித்தான் பொழைக்கணும் சம்பூர்ணம். நீ வால், நான் கழுத்து" என்று கேலி பேசுவார். நான் கழுத்துதான் வேண்டும் என்று சண்டை போடுவேன்.

எங்களுக்கு ஒரே பெண். அமிர்தவள்ளி என்று பெயர், வள்ளி என்று கூப்பிடுவோம். ஏழு வயதில் காய்ச்சலில் போய்விட்டாள்.

அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் பேச்சு நின்றுபோனது. அவர் வேலையிலிருந்து வருவார், குளிப்பார், போட்டதைச் சாப்பிடுவார், சுவர்ப் பக்கம் திரும்பிப் படுப்பார். நான் பாத்திரம் தேய்ப்பேன். தேய்த்த பாத்திரத்தையே திரும்பத் தேய்ப்பேன். அழ வேண்டும் என்றால் அவர் ஆற்றுப் பக்கம் போவார், நான் அடுப்பங்கரைக்குப் போவேன். ஒருத்தர் அழுவதை இன்னொருத்தர் பார்த்துவிட்டால் அவள் பெயரைச் சொல்ல வேண்டி வந்துவிடுமே என்று பயந்தோம்.

ஷாப்பு முதலாளி சாயபு என்பதால் எங்களுக்கு வெள்ளிக்கிழமை லீவு. அப்படி ஒரு வெள்ளிக்கிழமை மத்தியான வெயிலில் இரண்டு பேரும் தரையில் படுத்துத் தூங்கிவிட்டோம். எனக்கு ஒரு கனவு வந்தது. பாலாற்றில் கரை நிரம்பத் தண்ணீர் போகிறது. நான் பிறந்ததிலிருந்து அங்கே மணலைத்தான் பார்த்திருக்கிறேன். தண்ணீருக்கு அந்தப் பக்கத்துக் கரையில் நான் நிற்கிறேன். என் கல்யாணத்துக்கு வந்து, பிறகு கிணற்றில் விழுந்து போன பித்தளைச் சொம்பு அங்கே மணல்மேல் கிடக்கிறது. விரலை மடக்கித் தட்டினேன், கணீரென்று சத்தம் வந்தது. விழித்துப் பார்த்தபோது அவர் எழுந்து உட்கார்ந்திருந்தார்.

"சம்பூர்ணம், நம்ம பித்தள சொம்பு கெனவுல வந்துச்சி. ஆத்துக்கு அந்தாண்ட. தண்ணி ரொம்பிப் போவுது" என்றார்.

சொம்பின் கழுத்தில் இருந்த நசுங்கல் எந்தப் பக்கம் என்று கேட்டேன். சரியாகச் சொன்னார்.

இப்படி வேறு ஒருத்தி வந்து சொன்னால் நானே சிரித்திருப்பேன், பூசாரியிடம் போய் விபூதி போட்டுக்கொள்ளச் சொல்லியிருப்பேன். ஆனால் எங்கள் இரண்டு பேருக்கும் அது திரும்பத் திரும்ப வந்தது. நாங்கள் அந்த இடத்துக்கு அக்கரை என்று பெயர் வைத்தோம். அங்கே ஒரு முறை இருந்தது. இரண்டு பேரும் ஒன்றையே நினைத்தால் அந்தப் பொருள் கெட்டியாக நிற்கும், தொடலாம், தூக்கலாம். ஒருத்தர் மட்டும் நினைத்தது ஆறிய கஞ்சியின் மேல் படியும் ஆடை மாதிரி இருக்கும், விரல் பட்டால் கிழிந்துவிடும். ஒரு தடவை நான் புளியமரத்தை நினைத்தேன், அவர் வேப்பமரத்தை நினைத்திருக்கிறார். அங்கே நின்றது என்ன மரம் என்று எங்கள் இரண்டு பேருக்குமே சொல்லத் தெரியவில்லை. "தோல் தூக்கற மாதிரிதான் இதுவும்" என்றார் அவர். வள்ளி போன பிறகு அவர் சிரித்து அன்றுதான் பார்த்தேன்.

எங்கள் இரண்டு பேர் மனசிலும் இருந்தது ஒரே ஒரு ஆள்தான். அவள் வராமல் எப்படி இருப்பாள்?

முதலில் வந்தபோது அவள் நிலையாக நிற்கவில்லை. நான் அவளுடைய கடைசி தீபாவளிக்குப் பார்த்த பிள்ளையை நினைத்தேன், அவர் தோளில் தூக்கி வைத்துக்கொண்டு திரிந்த காலத்துப் பிள்ளையை நினைத்தார். அதனால் அவள் உயரம் ஏறி இறங்கியது. பாவாடைக்கு நிறமே இல்லை. முகம் மட்டும் அப்படியே நின்றது. நான் கையை நீட்டினேன், கன்னம் கஞ்சி ஆடை மாதிரி விலகிப்போனது. அன்றைக்கு விழித்தெழுந்து நாங்கள் அழுத அழுகையை ஊரே கேட்டிருக்கும்.

அதற்குப் பிறகுதான் பேசி வைக்க ஆரம்பித்தோம். சாயங்காலம் வேலை முடிந்து வந்ததும் சுக்குத் தண்ணீர் வைத்துக் கொடுத்துவிட்டு அவர் எதிரில் உட்காருவேன். ஒவ்வொன்றாகப் பேசி, இரண்டு பேரும் ஒப்புக்கொண்ட பிறகுதான் அடுத்ததற்குப் போவோம்.

"பாவாட இன்னா கலரு?" என்று கேட்பேன்.

"செகப்பு. நாந்தான வாங்கியாந்தேன்."

"அது கிழிஞ்சி போயி கரித்துணியா ஆயிடுச்சி. பச்சதான்."

"சரி, பச்ச."

அவர் விட்டுக்கொடுக்கிற மனுஷன். இடது காதுக்குப் பின்னால் மச்சம் என்றேன், ஒப்புக்கொண்டார். மேல் வரிசையில் முன்பல் விழுந்த இடத்தில் சந்து என்றார், நானும் ஒப்புக்கொண்டேன். அந்தப் பல்லைப் பற்றி மட்டும் நான் அவரிடம் ஒன்றை மறைத்திருந்தேன். விழுந்த பல்லைச் சாணத்துக்குள் வைத்துக் கூரைமேல் எறிய வேண்டும், அப்போதுதான் புதுப்பல் நன்றாக முளைக்கும் என்பார்கள். நான் வெறும் சாண உருண்டையை எறிந்துவிட்டுப் பல்லை எடுத்து வைத்துக்கொண்டேன். முதல் பல், தூக்கி எறிய மனசு வரவில்லை. வள்ளிதான் அதை என் உள்ளங்கையில் வைத்தாள். அப்பாவிடம் சொல்லாதே என்று சொன்னேன், அவள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

எல்லாம் பேசி முடித்த பிறகு அவர் டம்ளரைக் கீழே வைத்தார்.

"காலு?" என்றார்.

"காலு நல்லா இருக்குது" என்றேன்.

என்னை நிமிர்ந்து பார்த்தார். பிறகு, "சரி. நல்லா இருக்குது" என்றார்.

அடுத்த தடவை வள்ளி பச்சைப் பாவாடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு மணலில் ஓடி வந்தாள். ஓடி வந்து அவர் வயிற்றில் முட்டினாள். அவர் அவளைத் தூக்கினார், கனமாக இருந்தாள். தலையில் நான் தேய்க்கும் நல்லெண்ணெய் வாசனை இருந்தது. என் வாழ்க்கையில் அதைவிட நல்ல காலம் எனக்கு இருந்ததில்லை, கல்யாணமான புதிதிலும் இல்லை. தோல் ஷாப்பில் என்னோடு பட்டை இடிக்கிற பெண்கள், பெண்ணைப் பறிகொடுத்தவள் இப்படி முகம் மினுமினுக்க வருகிறாளே என்று என் முதுகுக்குப் பின்னால் பேசினார்கள். பேசட்டும் என்று விட்டுவிட்டேன்.

கெடுத்தது அவர்தான். இதை நான் கோபத்தில் சொல்லவில்லை. வள்ளி நன்றாக ஓடிக்கொண்டிருப்பாள், திடீரென்று ஒரு கால் மணலுக்குள் இறங்கும், முழங்காலுக்குக் கீழே கலங்கிப்போகும். அவர் வேறு எதையோ நினைத்துவிட்டார் என்று எனக்குத் தெரிந்துவிடும்.

"இன்னாத்த நெனச்சீங்க?" என்று எழுந்ததும் கேட்பேன்.

"தெரியாம நெனப்பு வந்துடுது சம்பூர்ணம். நான் இன்னா பண்ணட்டும்."

பிறகு வேறு மாதிரிப் பேச ஆரம்பித்தார். "அவ ஒரு தடவயாவது அடம் புடிச்சாளா பாத்தியா? நம்ம வள்ளி அடம் புடிக்காம ஒரு நாளாவது இருந்திருக்காளா? அது நம்ம பொண்ணு இல்ல. நாம ரெண்டு பேரும் குந்திப் பேசி வெச்ச பொண்ணு" என்றார். பெற்ற அப்பன் வாயில் வருகிற பேச்சா இது? அக்கரைக்கு வருவதைத் தவிர்ப்பதற்காகவே வெள்ளிக்கிழமையிலும் ஷாப்புக்குப் போய்க் குழி ஓரம் உட்கார்ந்திருந்தார். வீட்டில் படுத்தால் தூங்காமல் புரண்டுகொண்டிருந்தார். அவர் இல்லாமல் நான் மட்டும் போனால் வள்ளியைத் தொட முடியாது. பசியோடு இருக்கிற பிள்ளையைக் கதவுக்கு வெளியே நிற்கவைத்த மாதிரி இருந்தது எனக்கு.

அப்போதுதான் அவருடைய சுக்குத் தண்ணீரில் அபின் போட ஆரம்பித்தேன். ஆம்பூரில் லைசென்சுக் கடையில் வாங்கினேன், ஒளிவு மறைவு எதுவும் இல்லை. பல்வலி என்று சொன்னேன். முதலில் கடுகளவுதான். நன்றாகத் தூங்கினார். அக்கரைக்கு வந்தார். அங்கே முன்னைவிடச் சாதுவாக, நான் சொல்வதை மட்டும் நினைக்கிறவராக இருந்தார். வள்ளி கால் தடுக்காமல் ஓடினாள்.

ஷாப்பு மேஸ்திரி அமீர் பாஷா வீட்டுக்கு வந்தார். அவருக்கும் இவருக்கும் சின்ன வயதிலிருந்தே தோஸ்த். "இன்னாம்மா, வேதாசலம் நின்னுகினே தூங்குறான். நேத்து குழியில உழுந்திருப்பான், நாந்தான் புடிச்சேன். எனக்கு ஒரே பேஜாரா இருக்குது. வேலூர் ஆஸ்பத்திரியில காமிங்க" என்றார். காட்டுகிறேன் என்றேன். காட்டவில்லை. வேலை போனது. ஒரு விதத்தில் நல்லதுதான் என்று நினைத்தேன், பகல் முழுக்க வீட்டில் இருப்பார்.

அமீர் பாஷா முன்பும் ஒரு தடவை ஆஸ்பத்திரி என்று சொன்னார். அது வள்ளியின் கால் விஷயத்தில். எதுவும் விட்டுப்போகக் கூடாது என்றேன் அல்லவா, அதையும் சொல்லிவிடுகிறேன்.

என் கணவருக்கு மத்தியானச் சோற்றை நான்தான் கொண்டுபோவேன். அன்றைக்குப் பட்டை வரவில்லை, எனக்கு வேலை இல்லை. வெயிலில் போக அலுப்பாக இருந்ததால் வள்ளியிடம் தூக்கைக் கொடுத்து அனுப்பினேன். சுண்ணாம்புக் குழியின் மேல் ஏடு கட்டியிருந்தால் தரை மாதிரியே இருக்கும். இடது கால் முழங்கால் வரைக்கும் உள்ளே போய்விட்டது. அவர்தான் தூக்கியெடுத்துக் கழுவினார். தோல் வழன்று புண்ணாகிவிட்டது. ஆஸ்பத்திரிக்குப் போனால் காலை எடுத்துவிடுவார்கள் என்று நான் விடவில்லை. ஒற்றைக் காலோடு ஒரு பெண் எப்படிப் பிழைப்பாள்? சுண்ணாம்பில் கிடந்த தோல் சும்மா விட்டால் அழுகும். ஆவாரம்பட்டைத் தண்ணீரில் ஊறினால் அழுகாது, எத்தனை வருஷம் ஆனாலும் கெடாது. எங்கள் ஊரில் இது தெரியாதவர் யாரும் கிடையாது. நான் வீட்டிலேயே பட்டைத் தண்ணீர் போட்டு, தினமும் அவள் காலைப் பானைக்குள் வைத்து அமுக்கிப் பிடித்துக்கொண்டேன். எரியுது எரியுது என்று கத்துவாள். எரிந்தால்தான் பிடிக்கிறது என்று அர்த்தம் என்பேன்.

புண் மூடிக்கொண்டது. மேலே கெட்டியாக, நல்ல தேன் நிறத்தில், வாடையே இல்லாமல் இருந்தது. அவரைக் கூப்பிட்டுப் பெருமையாகக் காட்டினேன். அவர் விரலால் தட்டிப் பார்த்தார். அடியில் என்ன நடந்துகொண்டிருந்தது என்று எங்களுக்கு எப்படித் தெரியும்? அதற்குப் பிறகுதான் காய்ச்சல் வந்தது. அவள் காய்ச்சலில்தான் போனாள், ஐயா. காய்ச்சல் யாருக்கும் வரும்.

ஆடி பிறந்ததும் பேரணாம்பட்டிலிருந்து அவருடைய அக்கா ராஜம்மாள் வந்தாள். தம்பி எலும்பும் தோலுமாகக் கிடப்பதைப் பார்த்து என்னைத் திட்டினாள், பிறகு அவனைக் கட்டிக்கொண்டு அழுதாள். இரண்டு பேரும் பேசி, வள்ளியைப் பூவாடைக்காரியாக அழைத்து வீட்டில் வைப்பது என்று முடிவு செய்தார்கள். எங்கள் பக்கத்தில், கல்யாணம் ஆகாமல் செத்துப்போன பெண்ணைப் பம்பை அடித்து ஆற்றிலிருந்து வீட்டுக்கு அழைத்து வருவார்கள். புதுத் துணியும் பூவும் வைத்து, அன்றிலிருந்து அவளை வீட்டுத் தெய்வமாகக் கும்பிடுவார்கள்.

"சாமியா வெச்சிட்டா அவளுக்கும் நிம்மதி, நமக்கும் நிம்மதி" என்றார் அவர்.

அவருக்கு நிம்மதியாக இருக்கலாம். சாமியாக வைத்துவிட்டால் அவளை யார் மடியில் போட்டுக்கொள்வது? அவர் அவளை நினைக்கும்போதெல்லாம் கை கூப்பித்தான் நினைப்பார். அக்கரையில் கும்பிட ஒரு சாமி நிற்கும், ஓடி வருவதற்கு வள்ளி இருக்கமாட்டாள். நான் வேண்டாம் என்றேன். யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

ஆடி வெள்ளிக்கிழமை காலையில் ஆற்றுக்குப் போனோம். மணலில் ஊற்றுத் தோண்டி அந்தத் தண்ணீரைப் புதுப் பானையில் எடுத்தார்கள். ராஜம்மாள் வாங்கி வந்த பாவாடை கூடையில் இருந்தது, சிவப்புப் பாவாடை. பம்பைக்காரர் கன்னியப்பன் அடித்துப் பாடி அழைத்தார். வந்து இறங்குகிறது வீட்டுப் பெண்தானா என்று சோதிக்க ஒரு வழக்கம் உண்டு. பெற்றவள் தன் முந்தானையில் ஒரு பொருளை யாருக்கும் தெரியாமல் முடிந்து வைத்திருப்பாள், வந்தது அதைச் சொல்ல வேண்டும். நான் அந்தப் பல்லை முடிந்து வைத்திருந்தேன், சாஸ்திரத்துக்கு ஒரு மஞ்சள் துண்டும் வைத்தேன். பூவோ மஞ்சளோ மட்டும் வைத்தால் யாராவது குருட்டாம்போக்கில் சொல்லிவிடுவார்கள். பல்லை ஊரில் ஒருத்தரும் சொல்ல முடியாது. யாரும் சொல்லாவிட்டால் அழைப்பு நின்றுவிடும். எனக்கு வேண்டியது அதுதான்.

ராஜம்மாள்மேல் இறங்கும் என்று எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இறங்கியது என் கணவர்மேல். கைத்தாங்கலாக அழைத்து வந்து உட்காரவைத்த மனுஷன் எழுந்தார். எழுந்து, இடது காலை இழுத்து இழுத்து மணலில் நடந்து என் எதிரே வந்து நின்றார்.

"யாரு வந்திருக்கறது? எங்க வூட்டுப் பொண்ணா, வழியில போற காத்தா?" என்று கேட்டார் கன்னியப்பன். "பொண்ணுன்னா, பெத்தவ முடிஞ்சி வெச்சத சொல்லு."

"எம் பல்லு" என்றார். குரல் அவருடையதுதான். "அம்மா அத்த கூரமேல போடல. அப்பாவாண்ட சொல்லாதடின்னுச்சி." பிறகு என் முந்தானையைப் பிடித்துக்கொண்டார். "பட்டத்தண்ணி வாணாம்மா. எரியுது."

பம்பைச் சத்தம் நின்றுவிட்டது. கன்னியப்பன் என்னைப் பார்த்து, "முடிச்ச அவுத்துக் காட்டும்மா" என்றார்.

நான் அவிழ்த்தேன். பல் அரிசி அளவுதான் இருக்கும். விரலிடுக்கில் நழுவவிட்டு மணலில் காலால் மூடினேன். மஞ்சள் துண்டை எடுத்துக் காட்டினேன்.

"மஞ்சள்தான். பல்லு கில்லு ஒண்ணும் இல்ல. இது எம் பொண்ணு இல்ல" என்றேன்.

வேறு ஏதோ காற்று வந்து பெண் வேஷம் போடுகிறது என்று கன்னியப்பன் சொல்லிவிட்டார். அப்படி வந்தால் வேப்பிலைக் கொத்தால் அடித்து விரட்டுவார்கள். அவரைப் பிடித்து உட்காரவைத்து அடித்தார்கள். "அம்மா, அடிக்க வாணாம்னு சொல்லும்மா" என்று அவர் என்னையே பார்த்துக் கேட்டுக்கொண்டிருந்தார். நான் சொல்லவில்லை. கொஞ்ச நேரத்தில் தலை தொங்கிவிட்டது, வந்தது போய்விட்டது என்றார்கள். என் காலுக்குக் கீழே பல் குத்திக்கொண்டிருந்தது. எல்லோரும் போன பிறகு தேடினேன், கிடைக்கவில்லை. அந்த ஒன்றுக்காக மட்டும் இன்றைக்கும் என் நெஞ்சு வெடிக்கிறது.

வீட்டுக்கு வந்து மத்தியானம் அவரைப் படுக்கவைத்தேன். ராஜம்மாள் மீதிச் சாமானை எடுத்து வர ஆற்றுக்குப் போயிருந்தாள். அவர் தெளிவாகத்தான் இருந்தார்.

"அது வள்ளிதான்னு உனக்குத் தெரியும்" என்றார்.

நான் அடுப்பைப் பற்றவைத்தேன்.

"தெரிஞ்சே தொரத்திட்ட. அடுத்த வெள்ளிக்கு நான் அவள மறுபடி இட்டாருவேன் சம்பூர்ணம். இனிமே அக்கரைக்கி வரமாட்டேன். நாம பேசி வெச்ச அந்தப் பொண்ணோட நீயே இருந்துக்க."

சுக்குத் தண்ணீர் வைத்தேன். அன்றைக்கு வெல்லம் நிறையப் போட வேண்டியிருந்தது. டம்ளரைக் கையில் வாங்கி ஒரு வாய் குடித்துவிட்டு அதையே பார்த்தார்.

"கசக்குது" என்றார்.

"சுக்கு ஜாஸ்தியா உழுந்துடுச்சி."

"இத்தினி நாளும் கசந்துச்சி" என்றார். "நீ அங்க சிரிச்சிகினு இருப்ப. அதுக்காவத்தான் குடிச்சேன்." டம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். "சரி, கடைசியா ஒரு தடவ வர்றேன். அந்தப் பொண்ணாண்ட ஒரு வார்த்த சொல்லிட்டு வந்துடறேன். அதுவும் பாவம், இன்னா பண்ணுச்சி" என்று சொல்லி மீதியையும் குடித்தார். நான் டம்ளரைக் கழுவி வைக்கவில்லை. போலீசார் அதை எடுத்துப்போனார்கள் என்று சொன்னார்கள்.

அவர் கையைப் பிடித்துக்கொண்டு பக்கத்திலேயே படுத்தேன். ஆற்றில் தண்ணீர் போய்க்கொண்டிருந்தது. அக்கரையில் அவர் மணலில் உட்கார்ந்திருந்தார், வள்ளி அவர் மடியில் இருந்தாள். அவள் கால் தேன் நிறத்தில், கெட்டியாக, வெடித்திருந்தது. தொட்டுப் பார்த்தேன், விலகவில்லை. எங்கள் இரண்டு பேர் மனசிலும் அன்றைக்கு அது ஒன்றுதான் இருந்தது. காலு நல்லா இருக்குது, காலு நல்லா இருக்குது என்று நான் சொல்லிக்கொண்டே இருந்தேன். அவர் என் பேச்சைக் கேட்காமல் ஆற்றுத் தண்ணீரைக் கையில் அள்ளி அள்ளி அந்தக் காலைக் கழுவினார், வெறும் தண்ணீர். நான் வா என்று கை நீட்டினேன். அவள் வரமாட்டேன் என்று அப்பன் கழுத்தைக் கட்டிக்கொண்டு அடம் பிடித்தாள். அது நாங்கள் பேசி வைத்தது இல்லை. பிறகு என் கையில் இருந்த அவர் கை ஆடை மாதிரி விலகியது. கரையும் விலகியது. ராஜம்மாள் கத்துகிற சத்தத்தில் விழித்தேன்.

அபின் போட்டது நான்தான். அன்றைக்கு எப்போதும் போடுவதைவிடப் பல மடங்கு போட்டேன், தெரிந்துதான் போட்டேன். எழுந்தால் அவர் அவளைச் சாமியாக்கிவிடுவார், எழுந்திருக்கக் கூடாது என்று நினைத்துப் போட்டேன். கொலை என்றுதான் அதற்குப் பெயர் என்றால் அப்படியே எழுதுங்கள். எனக்கு மறுப்பு இல்லை. அவரை அவள் பக்கத்திலேயே விட்டுவைக்கிறேன் என்று நினைத்தேன்.

இப்போதும் நான் அக்கரைக்குப் போகிறேன், ஐயா. இரண்டு பேரும் அங்கே இருக்கிறார்கள். நான் ஒருத்தி மட்டும் நினைப்பதால் கை பட்டால் கிழிந்துவிடுகிறார்கள். அதனால் தொடாமல் தூரத்தில் உட்கார்ந்து பார்த்துவிட்டு வருகிறேன். பெண்ணை மடியில் போட்டு எத்தனை காலம் ஆகிவிட்டது. புருஷன் கையைப் பிடித்தும் அப்படித்தான்.

எழுதி முடித்ததைக் கைதிக்கு வாசித்துக் காட்ட வேண்டும் என்று சட்டம் இருக்கிறதாமே, வார்டர் அம்மாள் சொன்னாள். நீங்கள் வாசிப்பீர்கள், நான் கேட்பேன். அந்த நேரத்தில் நீங்களும் நானும் ஒன்றையே நினைப்போம். பச்சைப் பாவாடை, காதுக்குப் பின்னால் மச்சம், முன்பல் சந்து, தலையில் நல்லெண்ணெய் வாசனை. அதற்காகத்தான் இவ்வளவும் சொன்னேன். மெதுவாக வாசியுங்கள். இன்றைக்குத் தூங்கப் போகும்போதும் ஒரு தடவை நினைத்துக்கொள்ளுங்கள், உங்களுக்குப் புண்ணியமாகப் போகும்.

வாசிக்கும் முன்னால் ஒரே ஒரு திருத்தம். நடுவில் காலைப் பற்றி ஏதோ சொல்லிவிட்டேன். அந்த இடத்தை மட்டும் அடித்துவிடுங்கள். என் வள்ளிக்குக் கால் நன்றாகத்தான் இருந்தது.